இரண்டு ஆண்டுக் கணக்கு ஓடும் உலகம்

நண்பர்களே,

கற்பனை உலகம் படைக்கிறவர்கள் பலர் முதலில் நிலப்படம் வரைவார்கள், அடுத்து காலவரிசை போடுவார்கள். முதல் யுகம், இரண்டாம் யுகம், இருண்ட காலம் என்று கட்டம் கட்டி, ஒவ்வொன்றுக்கும் ஆயிரம் ஆண்டு ஒதுக்கிவிடுவார்கள். ஆனால் அந்த யுகத்தில் வாழ்கிற ஒருவரிடம் "இன்றைக்கு என்ன தேதி?" என்று கேட்டால் என்ன சொல்வார்? அது மட்டும் அட்டவணையில் இருக்காது. பிணைந்த காலக்கோடுகள், அதாவது தனித்தனி வேகத்தில் நேரம் ஓடினாலும் ஒன்றோடொன்று தொடர்புள்ள பகுதிகள், உள்ள உலகத்துக்கு இதுதான் முதல் கேள்வி என்பது என் கட்சி.

மந்திரம் ஏதும் இல்லாத நம் உலகத்திலேயே இது எத்தனை சிக்கல் என்று பாருங்கள். ரோமில் 1582 அக்டோபர் 4 வியாழக்கிழமை. மறுநாள் வெள்ளிக்கிழமை, தேதி அக்டோபர் 15. பழைய ஜூலியன் நாட்காட்டியிலிருந்து கிரிகோரியன் நாட்காட்டிக்கு மாறியதில் நடுவில் பத்து தேதிகள் விடுபட்டன. பிரிட்டன் இந்தப் புதிய நாட்காட்டிக்கு 1752இல்தான் வந்தது, ரஷ்யா 1918இல். அதனால்தான் ரஷ்யாவின் அக்டோபர் புரட்சி மற்றவர்கள் கணக்கில் நவம்பர் 7ஆம் தேதி நடந்தது. எல்லையைத் தாண்டினால் தேதி மாறிவிடும். இத்தனைக்கும் இரண்டு பக்கமும் நேரம் ஒரே வேகத்தில்தான் ஓடியது.

வேகமே மாறினால்? நம் புராணக்காரர்கள் அதையும் யோசித்திருக்கிறார்கள். ககுத்மி என்ற அரசன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போகிறான். அங்கே பாட்டுக் கச்சேரி. முடியட்டும் என்று காத்திருக்கிறான். திரும்பினால் பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் ஓடிவிட்டன! அவன் மனதில் வைத்திருந்த மாப்பிள்ளைகளின் பேரன் பெயர்கூட யாருக்கும் நினைவில்லை. எனக்குப் பிடித்தது அடுத்த இடம்: பழைய யுகத்துப் பெண்ணான ரேவதி இந்த யுகத்து ஆட்களைவிட ரொம்ப உயரம். மணக்க வந்த பலராமன் கலப்பை நுனியால் அவளை இழுத்துக் குள்ளமாக்க வேண்டியிருந்தது. காலம் மாறியது உடம்பில் தெரிகிறது. கதை என்றால் இப்படி இருக்க வேண்டும்.

சரி, நாமும் ஒரு காலத்தைச் செய்து பார்ப்போம். மேற்கரை, கீழ்க்கரை என்று இரண்டு காலக்கோடுகள், நடுவில் ஒரு கணவாய். மேற்கரையில் ஓர் ஆண்டு போனால் கீழ்க்கரையில் மூன்று ஆண்டு போகும். கணவாய் திறந்திருந்த அந்தக் காலத்துக்கு இரட்டைக் கணக்குக் காலம் என்று நாம் பெயர் வைத்துக்கொள்வோம். உள்ளே இருக்கிறவர்களுக்கு அந்தப் பெயர் தெரியாது. தங்கள் காலம் இடைக்காலம் என்று எந்த இடைக்காலத்து மனிதனுக்கும் தெரிந்திருக்கவில்லையே!

போர், படையெடுப்பு எல்லாம் அப்புறம். முதலில் வட்டி. கீழ்க்கரைக்காரர் கடன் கொடுக்கிறார், மேற்கரைக்காரர் வாங்குகிறார். வாங்கியவர் தன் கணக்கில் பத்து ஆண்டு வட்டியோடு வந்து நிற்கிறார். கொடுத்தவர் முப்பது ஆண்டு வட்டி கேட்கிறார். இரண்டு பேரும் பொய் சொல்லவில்லை. இந்த வழக்கைத் தீர்க்கக் கணவாயில் ஆண்டுக் கணக்கர்கள் என்றொரு கூட்டம் உட்காரும். ஒரு தலைமுறையில் அவர்கள்தான் அந்த உலகத்தின் மிகப் பலம் வாய்ந்த ஆட்கள், மன்னர்கள் இல்லை.

அடுத்து வாரிசு. கீழ்க்கரை அரசனுக்கு இரண்டு மகன்கள், வயது 15, 13. மூத்தவன் மேற்கரைக்குப் போய் ஆறு ஆண்டு படித்துவிட்டு வருகிறான். இங்கே பதினெட்டு ஆண்டு ஓடிவிட்டது. இப்போது அண்ணனுக்கு 21, தம்பிக்கு 31. இத்தனை நாள் ஆட்சியைத் தாங்கிய தம்பிக்கு இந்தப் பையனை "அண்ணா" என்று கூப்பிட வாய் வருமா? உங்கள் போருக்கான காரணம் இங்கே இருக்கிறது. மந்திர வாள் தேவையில்லை.

இன்னொன்று, இரண்டு கரைகளின் ஏடுகளையும் பின்னால் எப்படிப் பொருத்துவது? இரண்டு பக்கமும் பதிவான ஒரு நிகழ்வு வேண்டும். சிலப்பதிகாரத்தில் இலங்கை மன்னன் கயவாகு வருகிறான். அவனை இலங்கை வரலாற்று நூலில் வரும் முதலாம் கஜபாகு என்று கொண்டுதான் சேரன் செங்குட்டுவனை இரண்டாம் நூற்றாண்டில் வைத்தார்கள். ஒற்றை ஆணியில் எவ்வளவு பாரம் மாட்டியிருக்கிறோம் பாருங்கள். அந்த ஆணி உறுதியானதா என்று அறிஞர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள். இயற்கை அடித்த ஆணிகளும் உண்டு. 993ஆம் ஆண்டுவாக்கில் உலகமெங்கும், மரம் ஆண்டுக்கு ஒன்றாகப் போடும் வளையங்களில் கதிரியக்கக் கரிமம் (கார்பன்-14) திடீரென ஏறியது. கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் வைக்கிங்குகள் என்ற வட ஐரோப்பியக் கடலோடிகள் வெட்டிய மரத்தில் அந்த வளையத்திலிருந்து பட்டைவரை எண்ணி, வெட்டிய ஆண்டு 1021 என்று 2021இல் அறிவித்தார்கள்.

நாம் படைத்த இரு கரை உலகத்தில் வானத்தை நம்ப முடியாது. ஒரு கரைக்கு ஒரு கோடையும் மறுகரைக்கு மூன்று கோடையும் ஒரே சூரியன் தர முடியாதே. ஆகவே இரண்டு ஏடுகளையும் பொருத்தக் கிரகணம் உதவாது. கணவாயிலேயே ஏதாவது நடக்க வேண்டும். பெரிய நிலச்சரிவு, வழி அடைபட்டது என்று வைத்துக்கொள்வோம். மேற்கரை ஏடு இரண்டு ஆண்டு மூடியிருந்தது என்கிறது. கீழ்க்கரை ஏட்டில் ஆறு இருக்க வேண்டும். பார்த்தால் ஒன்பது!

கணவாயின் வேகமே மாறத் தொடங்கியிருக்கலாம். அல்லது கணக்கர் ஒருவர் மூன்று ஆண்டைச் சேர்த்து எழுதியிருக்கலாம். நான் எழுதினால் இரண்டாவதைத்தான் எடுப்பேன். அந்த மூன்று ஆண்டு வட்டி யார் பைக்குப் போனது என்று தேடிக்கொண்டு ஓர் ஆள் மேற்கரையிலிருந்து கிளம்புகிறார். முதல் அத்தியாயம் அதுதான்.