ஆஸ்கர் வாங்கிய படம் எப்படித் தொலையும்? நேயர் சந்தேகத்துக்கு விளக்கம்

அடுத்த கேள்வி. "முதல் ஆஸ்கர் வாங்கிய நடிகரின் படம் ஒன்று இப்போது எங்கேயுமே இல்லை என்று சொன்னீர்கள். விருது வாங்கிய படம் எப்படி சார் தொலையும்? யூடியூபில் அதே பெயரில் ஒன்று கிடக்கிறதே, அது என்ன?" நல்ல கேள்வி. முதல் பாதிக்குத்தான் கொஞ்சம் நேரம் பிடிக்கும்.

அந்த நடிகர் எமில் யானிங்ஸ். ஜெர்மன் சினிமாவில் பெரிய ஆளாகி, அப்புறம் ஹாலிவுட் போனவர். 1929 மே 16 அன்று நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் சிறந்த நடிகர் அவர்தான். இரண்டு படங்களைச் சேர்த்து அந்த ஒரு விருது. 'தி லாஸ்ட் கமாண்ட்' பத்திரமாக இருக்கிறது, இன்றைக்கும் பார்க்கலாம். இன்னொன்று, விக்டர் ஃபிளெமிங் இயக்கி பாரமவுன்ட் ஸ்டுடியோ 1927-ல் வெளியிட்ட மௌனப் படமான 'தி வே ஆஃப் ஆல் ஃப்ளெஷ்'. இதே பெயரில் சாமுவேல் பட்லரின் நாவல் ஒன்று உண்டு, அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. இந்தப் படத்தில் மிஞ்சியது சில துண்டுகள்தான்.

கதை என்னவென்றால், மில்வாக்கி நகரத்தில் ஒரு வங்கி ஊழியர், நேர்மையான குடும்பஸ்தர். வங்கி வேலையாக அதன் பத்திரங்களை எடுத்துக்கொண்டு சிகாகோவுக்கு ரயிலேறுகிறார். வழியில் ஒரு பெண்ணிடம் மயங்கிப் பத்திரங்களைப் பறிகொடுக்கிறார். அப்புறம் ஒரு திருடனோடு நடக்கும் கைகலப்பில் அவன் ரயிலில் அடிபட்டுச் சாக, செத்தது இவர்தான் என்று ஊர் நம்பிவிடுகிறது. வங்கிக்காக உயிரைக் கொடுத்த உத்தமர் என்று பெயரும் வந்துவிடுகிறது. இனி எந்த முகத்தோடு வீட்டுக்குப் போவார்? ஆண்டுக்கணக்கில் நாடோடியாக அலைந்து, கிறிஸ்துமஸ் சமயத்தில் பனியில் நின்று சொந்த வீட்டை ஜன்னல் வழியாகப் பார்க்கிறார். அழ வைப்பதற்கென்றே எழுதிய கதை. ஆனால் யானிங்ஸ் அதை எப்படிச் செய்தார் என்பதுதானே விஷயம்? அதை எடைபோட நம்மிடம் படம் இல்லை.

சரி, எப்படிப் போனது? தீ விபத்து என்றுதான் எல்லோரும் உடனே சொல்வார்கள். தீயும் ஒரு காரணம்தான். 1937-ல் நியூ ஜெர்சியில் ஃபாக்ஸ் நிறுவனத்தின் கிடங்கு எரிந்து ஏகப்பட்ட மௌனப் படங்கள் போயின. என் கணக்கில் அதைவிடப் பெரிய காரணம் அலட்சியம். 1927 அக்டோபரில் 'தி ஜாஸ் சிங்கர்' என்ற பேசும் படம் வந்தது. இரண்டு மூன்று வருஷத்தில் ஊமைப் படத்துக்கு மார்க்கெட்டே இல்லை. டிவி கிடையாது, வீடியோ கிடையாது. ஓடி முடிந்த படத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது? கிடங்கு வாடகை தண்டம். பிலிமில் வெள்ளி இருக்கிறது, அதைப் பிரித்து எடுத்தாலாவது நாலு காசு. பல படங்கள் அப்படியே கரைந்து போயின.

யாரும் கை வைக்காமல் விட்டாலும் தப்பிக்காது. அன்றைய பிலிம் நைட்ரேட் என்ற பொருளால் ஆனது, தானாகவே சிதையும், சுலபமாகத் தீப்பற்றும். முதலில் படம் மங்கும், பிறகு சுருள் பிசுபிசுவென்று ஒட்டும், மேலே தேன் மாதிரி நுரை கட்டும், கடைசியில் டப்பாவைத் திறந்தால் பழுப்புத் தூள். பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள் போட்டாலும் எரியும், எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது.

அமெரிக்காவின் காங்கிரஸ் நூலகம் 2013-ல் ஒரு ஆய்வு வெளியிட்டது. 1912 முதல் 1929 வரை அங்கே எடுத்த முழுநீள மௌனப் படங்கள் ஏறக்குறைய 11,000. அவற்றில் வெளியான வடிவிலேயே முழுசாக இருப்பவை 14 சதவீதம். ஆகவே, இந்தப் படம் தொலைந்ததில் அதிசயமில்லை. விருது ஒரு படத்தைக் காப்பாற்றும் என்று நாம் நினைக்கிறோம், அன்று ஆஸ்கருக்கு அந்த மவுசெல்லாம் கிடையாது. இதே யானிங்ஸ் ரஷ்ய மன்னர் பாவெலாக நடித்து, லூபிட்ச் இயக்கிய 'தி பேட்ரியட்' என்ற 1928 படமும் இப்படித்தான். திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கியது, சிறந்த படத்துக்கான போட்டியிலும் இருந்தது. அதன் முன்னோட்டம் கிடைக்கிறது, முழுப் படம் இல்லை.

கிடைக்க வாய்ப்பே இல்லையா என்றால், இருக்கிறது. பிரதிகள் ஊர் ஊராகப் போய்க் கடைசியில் தொலைதூர நாட்டில் நின்றுவிடும். திருப்பி அனுப்பினால் கப்பல் செலவு, அதனால் அங்கேயே கிடக்கும். இயக்குநர் ஜான் ஃபோர்டின் 'அப்ஸ்ட்ரீம்', அதுவும் 1927 படம்தான், நியூசிலாந்திலிருந்து கிடைத்தது. 2010-ல் அறிவித்தார்கள். அதனால் தேடுகிறவர்கள் ஹாலிவுட்டை விட வெளிநாட்டு ஆவணக் காப்பகங்களைத்தான் அதிகம் நம்புகிறார்கள்.

இரண்டாவது கேள்வி சுலபம். பாரமவுன்ட் இதே கதையை 1940-ல் பேசும் படமாக மறுபடி எடுத்தது, நாயகன் அகிம் டமிரோஃப். யூடியூபில் நீங்கள் பார்த்ததில் ஆட்கள் வாய் திறந்து பேசினால் அது இந்த 1940 படமாகத்தான் இருக்கும்.