விசாரிக்கப்படாமலே முடியும் மேல்முறையீடு

நேயர்களுக்கு வணக்கம். உரிமையியல் வழக்கில் தோற்றவர் மேல்முறையீட்டைத் தாக்கல் செய்து, தடையாணையும் பெற்றுவிட்டால், இனி எல்லாவற்றையும் வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார் என்ற நிம்மதியோடு இருந்துவிடுகிறார். ஆண்டுகள் ஓடுகின்றன. வீட்டைக் காலிசெய்யச் சொல்லி நீதிமன்ற அமீனா வாசலில் வந்து நிற்கும் நாளில்தான், தம் மேல்முறையீடு பல மாதங்களுக்கு முன்பே, ஒரு வாதம்கூடக் கேட்கப்படாமல் தள்ளுபடியாகிவிட்டது என்பது அவருக்குத் தெரியவருகிறது.

இந்தத் தள்ளுபடிக்கு இடமளிப்பது 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 41ஆம் கட்டளையின் 17ஆம் விதி. மேல்முறையீடு விசாரணைக்கு அழைக்கப்படும்போது மேல்முறையீட்டாளரோ அவருடைய வழக்கறிஞரோ முன்னிலையாகவில்லை என்றால், நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்யலாம். ‘செய்யலாம்’ என்றுதான் சட்டம் சொல்கிறது. ‘செய்ய வேண்டும்’ என்று சொல்லவில்லை. ஆகவே பெரும்பாலான நீதிபதிகள் ஓரிரு வாய்தாக்கள் தந்து பார்த்த பிறகே அந்த முடிவுக்கு வருகிறார்கள்.

இந்த விதியோடு 1976ஆம் ஆண்டுத் திருத்தம் ஒரு விளக்கத்தைச் சேர்த்தது. மேல்முறையீட்டாளர் வராதபோது, வழக்கின் தகுதியை, அதாவது யார் பக்கம் நியாயம் என்பதை, ஆராய்ந்து மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்யும் அதிகாரம் இந்த விதியின்கீழ் நீதிமன்றத்துக்கு இல்லை என்பதே அந்த விளக்கம். வழக்குக் கட்டு முழுவதையும் படித்துப் பார்த்து, கீழ்நீதிமன்றத் தீர்ப்பு சரியே என்று நீதிபதி எழுதிவிட்டால் நியாயம் கிடைத்ததுபோலத்தானே என்று கேட்கத் தோன்றும். ஆனால் அப்படி எழுதப்பட்டால் அது தகுதியின்மேல் வழங்கப்பட்ட தீர்ப்பாகிவிடும். வராமல் போனதற்கு நல்ல காரணம் இருந்தாலும், அதைச் சொல்லி மேல்முறையீட்டை மீண்டும் கோப்பில் எடுக்கச் செய்யும் வழி அடைபடும். வராமைக்காகத் தள்ளுபடி செய்வது கடுமையாகத் தோன்றினாலும், திரும்பி வரக் கதவைத் திறந்துவைத்திருப்பது அதுதான்.

அந்தக் கதவு அதே 41ஆம் கட்டளையின் 19ஆம் விதி. போதிய காரணத்தால் முன்னிலையாக இயலவில்லை என்று மெய்ப்பித்தால், செலவுத்தொகை கட்டும்படி நிபந்தனை விதித்தோ வேறு வகையிலோ நீதிமன்றம் மேல்முறையீட்டை மீண்டும் ஏற்கும். இதற்கான காலவரம்பு, 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டத்தின் 122ஆம் உறுப்பின்படி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாட்கள். நமக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல என்பதைக் கவனிக்க வேண்டும். நாள் கடந்தால் அதே காலவரம்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவின்கீழ்த் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்துத் தாக்கல் செய்ய வேண்டும். மேல்முறையீட்டை மீண்டும் ஏற்க நீதிமன்றம் மறுத்தால், அந்த மறுப்பாணையை எதிர்த்து உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 43ஆம் கட்டளையின்கீழ் மேல்முறையீடு செய்யலாம்.

வழக்கறிஞர் வராததற்குக் கட்சிக்காரர் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும்? 1981இல் ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கேள்வியை நேரடியாக எதிர்கொண்டது. வழக்கறிஞரை அமர்த்தி, கட்டணமும் கொடுத்துவிட்ட ஒரு கிராமத்து மனிதர், அவர் நீதிமன்றத்துக்குப் போகிறாரா என்று காவல் காக்க வேண்டியதில்லை என்று கூறி, மேல்முறையீட்டை மீட்டுக்கொடுத்தது. 200 ரூபாய் செலவுத்தொகையை வராத வழக்கறிஞரிடமிருந்தே வசூலிக்கவும் உத்தரவிட்டது. (அந்தத் தொகையைவிட அந்த உத்தரவுதான் வழக்கறிஞர்களாகிய எங்களுக்கு உறைத்திருக்க வேண்டும்.) ஆயினும் 1993இல் சலில் தத் வழக்கில் அதே நீதிமன்றம், இதை எல்லோருக்கும் பொருந்தும் பொதுவிதியாகக் கொள்ள முடியாது என்று தெளிவுபடுத்தியது, அங்கே தவறியவர் விவரமறியாத கிராமத்தவர் அல்லர், நகரத்தில் இயங்கிய ஒரு நிறுவனம்.

ஆகவே மீட்பு மனு தாக்கல் செய்பவர், ‘என் வழக்கறிஞர் சொல்லவில்லை’ என்ற ஒற்றை வரியோடு நின்றுவிடாமல், கடைசியாக எப்போது அவரைச் சந்தித்தோம், என்ன விசாரித்தோம், தள்ளுபடி எப்படித் தெரியவந்தது என்பதைத் தேதிவாரியாகப் பிரமாணப் பத்திரத்தில் எழுத வேண்டும். நோய் காரணம் என்றால் மருத்துவச் சான்றின் தேதி அந்த வாய்தாவோடு பொருந்த வேண்டும். வழக்கின் நிலையை இப்போது ஒவ்வொரு வழக்குக்கும் தனியே தரப்படும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைக் கொண்டு கைப்பேசியிலேயே பார்த்துக்கொள்ளலாம் என்பதால், தெரியாது என்ற பதிலை நீதிமன்றங்கள் முன்போல எளிதில் ஏற்பதில்லை. இன்னொன்று: மீட்பு மனு நிலுவையில் இருப்பதாலேயே தீர்ப்பாணையை நிறைவேற்றுவது நின்றுவிடாது. அதற்குத் தனியே தடை கேட்க வேண்டும். அமீனா வருவதற்கு முன்பே கேட்க வேண்டும்.