பனிமலை தெரியுதான்னு ஜன்னலைத் திறந்து பாருங்க | செங்டூ வ்லாக்

வணக்கம் மக்களே. சத்தம் கேக்குதா? காத்து ஜாஸ்தியா இருக்கு, மைக்குல கர்ச்சீஃப் சுத்தி வச்சிருக்கேன், கொஞ்சம் பொறுத்துக்கோங்க.

நான் இப்ப இருக்கறது செங்டூ. சீனாவுல சிச்சுவான் மாகாணத்தோட தலைநகர். 2020 கணக்கெடுப்புல ரெண்டு கோடியைத் தாண்டின ஊர். பின்னாடி தெரியறது ஜின்செங் ஏரி. நான் நிக்கறது ரிங் ரோட்டை ஒட்டியே ஊரைச் சுத்திப் போட்டிருக்கற பசுமைப் பாதை. ஒரு ரவுண்டு வந்தா 100 கிலோமீட்டர். முழு ரவுண்டும் அடிச்சுட்டுத்தான் வீடியோ போடணும்னு காலையில சபதம் எடுத்துக் கிளம்பினேன். 23 ஆச்சு. சைக்கிள் ஓரமா நிக்குது, நானும் ஓரமா நிக்கறேன்.

இந்த ஊர் தனக்குத் தானே வச்சுக்கிட்ட பட்டம் என்ன தெரியுமா? ‘பனிமலை அடியில பூங்கா நகரம்.’ இந்தப் பேர்ல ரெண்டு பாதி இருக்கு, கவனிச்சீங்களா. பூங்கா ஒரு பாதி, பனிமலை ஒரு பாதி. நாலு நாளா இந்த ஊரைச் சுத்தினதுல எனக்கு ஒண்ணு பட்டுச்சு. ஒரு பாதியில ஏமாத்தலாம், இன்னொரு பாதியில ஏமாத்தவே முடியாது. அதைத்தான் இன்னிக்கு பேசப் போறேன்.

முதல்ல பூங்கா. இந்த வார்த்தை 2018 பிப்ரவரியில ஷி ஜின்பிங் இங்க தெக்குப் பக்கம் தியான்ஃபு புது நகரப் பகுதிக்கு வந்தப்ப சொன்னது. ஊருக்குள்ள பூங்கா கட்டாதீங்க, பூங்காவுக்குள்ள ஊரைக் கட்டுங்கன்னு அதிகாரிங்க அதுக்கு விளக்கம் சொல்றாங்க. கேக்க நல்லாத்தான் இருக்கு. ஆனா ‘பச்சை’ன்னு சொன்னா விலை போகும்னு ஆனதும் பில்டருங்க சும்மா இருப்பாங்களா?

இதே ஊர்ல 2018-ல ஒரு அபார்ட்மென்ட் கட்டினாங்க. எட்டு டவர், 826 வீடு, ஒவ்வொரு பால்கனியிலயும் இருபது வகைச் செடி. செங்குத்துக் காடுன்னு படம் போட்டு வித்தாங்க. 2020 ஏப்ரலுக்குள்ள எல்லாம் வித்துப் போச்சு. ஆனா வாங்கினவங்க குடிவரலை. வெட்ட ஆள் இல்லாம செடி அது இஷ்டத்துக்கு வளந்து, ஜன்னலை மூடி, கம்பியைத் தாண்டித் தொங்க ஆரம்பிச்சுது. செங்டூ ஈரப்பதம் உள்ள ஊர், பால்கனியில தண்ணி தேங்கினா என்ன வரும்? கொசு! அந்த செப்டம்பர்ல செய்தி வந்தப்ப மொத்த 826 வீட்டுல சுமார் பத்துக் குடும்பம்தான் இருந்துச்சாம். மத்தவங்க காசு கொடுத்து வாங்கினது கொசுவுக்கு வீடு.

நான் அதைப் பாத்துச் சிரிக்கத்தான் செஞ்சேன், ஆனா யோசிச்சா தப்பு செடி மேல இல்ல. மாசாமாசம் யார் ஏணி போட்டு வெட்டுறதுங்கறதை யாரும் பிரோஷர்ல போடலை. பச்சையை வாங்கலாம், பராமரிப்பை வாங்க முடியாது.

இன்னொரு கூத்தைக் காட்டவா? இங்க பாருங்க, ஏரிக்கு அந்தப் பக்கம், அலை மாதிரி வளைஞ்ச கூரையோட ஒரு ராட்சசக் கட்டடம். குளோபல் சென்டர். 2013-ல திறந்தது. சுமார் 17 லட்சம் சதுர மீட்டர், தரைப்பரப்புல உலகத்துலயே பெரிய கட்டடம்னு அப்ப பேர் வாங்கினது. உள்ள செயற்கைக் கடற்கரை வச்சு, 150 மீட்டர் நீளத்துக்கு ஸ்கிரீன் போட்டு சூரிய அஸ்தமனம் காட்டினாங்க. ஏன் தெரியுமா? சிச்சுவான் நாலு பக்கமும் மலை இருக்கற பள்ளம். மேகமும் மூட்டமும் உள்ளயே தங்கிடும். இந்த ஊர் நாய் சூரியனைப் பாத்தா குரைக்கும்னு சீனத்துல பழமொழியே இருக்கு. அவ்வளவு அபூர்வம். சரி, சூரியனே வராத ஊர்ல சூரியனைக் கடையில வச்சுட்டாங்க!

இப்ப பனிமலைக்கு வர்றேன். இதுதான் எனக்குப் பிடிச்ச பாதி.

மேற்குப் பக்கம் நூறு கிலோமீட்டருக்கு மேல தள்ளி ஸிகுனியாங் மலை. அதுல உச்சி யாவ்மெய் சிகரம், 6,250 மீட்டர். வானம் சுத்தமா இருந்தா ஊர்க்குள்ள அபார்ட்மென்ட் மாடியில நின்னே பாக்கலாம். எட்டாம் நூற்றாண்டுல கவிஞர் தூ ஃபூ இங்க ஒரு ஓலைக் குடிசையில இருந்தப்ப, ஜன்னல் சட்டத்துக்குள்ள மேற்கு மலையோட பனி தெரியுதுன்னு எழுதியிருக்கார். அதாவது ஆயிரத்து இருநூறு வருஷத்துக்கு முன்னாடியே இது ஊரோட அடையாளம். விளம்பர ஏஜென்சி கண்டுபிடிச்சது இல்ல.

நடுவுல தெரியாமப் போச்சு. வண்டி, தொழிற்சாலை, கட்டட வேலைத் தூசு, எல்லாம் பள்ளத்துல அடைஞ்சு நிக்கும். 2016 டிசம்பர்ல புகைமூட்டம் தாங்காம சிலர் ஊர் நடுவுல இருக்கற சிலைகளுக்கு மாஸ்க் மாட்டிவிட்டாங்க. போலீஸ் வந்து பெரிய சதுக்கத்தையே மூடிட்டாங்க. இது நடந்த ஊருதான் ரெண்டு வருஷத்துல பூங்கா நகரம்.

அப்புறம் காத்து கொஞ்சம் கொஞ்சமாத் தேற ஆரம்பிச்சுது. இப்ப மலை தெரிஞ்ச நாளை போட்டோ எடுத்துப் போடற கூட்டமே இங்க இருக்கு. எந்த மாடி, எந்தப் பாலம், எத்தனை மணின்னு கணக்கு வச்சிருக்காங்க. சர்க்காரும் அந்தப் படங்களை எடுத்துப் போட்டு ‘பாத்தியா’ன்னு பெருமை பேசுது. எனக்கு இதுல ஒரு சந்தோஷம். அதிகாரி என்ன ரிப்போர்ட் எழுதினாலும் சரி, மலை தெரியலைன்னா தெரியலை. ஒரு அம்மா ஜன்னலைத் திறந்து பாத்தா விளம்பரம் நிஜமா பொய்யான்னு சொல்லிடுவாங்க. பால்கனிச் செடிக்கு அப்படி ஒரு பரீட்சை கிடையாது.

(தண்ணி குடிச்சுக்கறேன்.)

இந்த ஊர் முன்னாடியும் ஒரு தடவை ஜனங்க சொல்லித்தான் கேட்டுச்சு. 1985-ல ஒரு தொடக்கப்பள்ளிப் பிள்ளைங்க மேயருக்கு லெட்டர் எழுதினாங்க, எங்க ஆறு நாறுதுன்னு. ஃபூ, ‘நான்’னு பேர் உள்ள ரெண்டு ஆறும் அப்ப சாக்கடை மாதிரி. 1993-ல பெரிய வேலையா எடுத்து அதைச் சீர்படுத்த ஆரம்பிச்சாங்க. ஆனா முழுசாச் சொல்லணும்ல. கரையோரம் இருந்த சுமார் ஒரு லட்சம் பேரை வேற இடத்துக்கு மாத்தினாங்க. 1998-ல ஐ.நா. வாழ்விட அமைப்பு இந்த வேலைக்கு விருது கொடுத்துச்சு. விருதை வாங்கினது நகராட்சி, இடம் மாறினது அந்தக் குடும்பங்க.

அதே 1998-ல ஆத்தங்கரையில ஒரு பூங்கா திறந்தாங்க, ‘உயிருள்ள நீர்ப் பூங்கா’. அமெரிக்கக் கலைஞர் பெட்சி டேமன் யோசனை. மேலேர்ந்து பாத்தா மீன் வடிவம். ஆத்துத் தண்ணியை மேல ஏத்தி, வண்டல் படிய விட்டு, கல்லுல செதுக்கின வளைவுகள்ல உருள விட்டு, நாணலும் தாமரையும் உள்ள தொட்டிங்க வழியா அனுப்பி, கடைசியில பிள்ளைங்க கால் நனைக்கற அளவுக்குச் சுத்தமாக்கும். நேத்து அங்க ரெண்டு மணி நேரம் உக்காந்திருந்தேன். இத்தனைக்கும் ஒரு நாளைக்குச் சுமார் 200 கன மீட்டர்தான் சுத்தமாகும், இவ்வளவு பெரிய ஆத்துக்கு அது எம்மாத்திரம்! ஆனா தண்ணி எப்படித் தெளியுதுன்னு கண்ணால பாக்கலாம். கலங்கல் ஒரு முனை, தெளிவு இன்னொரு முனை.

பச்சை மின்சாரம்னும் இங்க பெருமை உண்டு. சிச்சுவான்ல ஓடற கரண்ட்ல ஐந்துல நாலு பங்கு அணையிலேர்ந்து வர்றது. கேட்டா கைதட்டத் தோணும். 2022 ஆகஸ்ட்ல மழையும் இல்ல, 40 டிகிரியைத் தாண்டின வெயில். ஆறு வத்திப் போச்சு, அதே நேரம் எல்லாரும் ஏசி போடறாங்க. மாகாணம் முழுக்க பெரும்பாலான ஊர்கள்ல தொழிற்சாலையை மூடச் சொன்னாங்க. இங்க மெட்ரோ ஸ்டேஷன்ல விளக்கைக் குறைச்சாங்க, மின்சாரக் கார் வச்சிருந்தவங்க சார்ஜிங் பாயின்ட்ல ராத்திரி வரிசையில நின்னாங்க. அவ்வளவு கஷ்டத்துலயும் கிழக்கு மாகாணங்களுக்கு ஒப்பந்தப்படி கரண்ட் போயிட்டுத்தான் இருந்துச்சு. அங்க ஷாங்காயிலயும் ஆத்தங்கரை அலங்கார விளக்கை ரெண்டு ராத்திரி அணைச்சாங்க.

அப்புறம் இந்தப் பாதை. ரெண்டு பக்கமும் பாருங்க, கடுகு வயல். நல்ல படம் வரும்னு வச்ச பூந்தோட்டம்னு நினைச்சுடாதீங்க. விவசாய நிலத்துல மரமும் புல்லும் வச்சு அழகு பண்ணக் கூடாதுன்னு 2020-ல மத்திய அரசு கறாராச் சொல்லிடுச்சு. அதுக்கு அப்புறம் இந்த ரிங் ரோட்டுச் சுத்துல ஒரு லட்சம் மூ நிலம், நம்ம கணக்குல பதினாறாயிரம் ஏக்கருக்கு மேல, திரும்பவும் பயிருக்குன்னு திட்டம் போட்டாங்க. முதல்ல புல் வச்ச காசு, அப்புறம் புல் எடுத்த காசு. 2023-ல இங்க இதைப் பத்தி நிறைய பேர் கோபமாப் பேசினாங்க, நியாயம்தான். ஆனா எனக்குக் கடுகு வயல் பிடிச்சிருக்கு. புல்வெளியை விட இதுல தேனீ அதிகமா இருக்கு.

சரி, சைக்கிளை அடுத்த ஸ்டாண்டுல விட்டுட்டு மெட்ரோல திரும்பிடறேன். 2010-ல முதல் லைன் ஓடின ஊர், பத்தே வருஷத்துல 500 கிலோமீட்டரைத் தாண்டிடுச்சு. எனக்கு 23-லயே மூச்சு வாங்குது.

ஒரு நிமிஷம். பக்கத்து பெஞ்சுல மூடி போட்ட கிண்ணத்துல டீ குடிச்சுக்கிட்டு ஒரு தாத்தா என்னையே பாத்துக்கிட்டு இருக்கார். எந்தப் பக்கம்னு கையைக் காட்டிக் கேட்டேன். மேற்கைக் காட்டறார். அதோ, வெள்ளையா... தெரியுதா உங்களுக்கு? ஜூம் பண்றேன்.

மேகம். தாத்தா சிரிக்கறார்.