கரடி முடித் தாயத்து

நேயர்களுக்கு வணக்கம். சேலம் செவ்வாய்ப்பேட்டையில் எனக்கு ஐந்து வயதிருக்கும்போது ராத்திரியில் அலறி எழுந்துவிடுவேனாம். பயந்த கோளாறு என்று அம்மா மந்திரித்துப் பார்த்தார், வேப்பிலை அடித்துப் பார்த்தார், நிற்கவில்லை. அப்புறம் ஒருநாள் தெருமுனையில் உடுக்கைச் சத்தம் கேட்டது. கரடிக்காரர் என்னைத் தூக்கிக் கரடி முதுகில் உட்காரவைத்து மூன்று சுற்று சுற்றினார், அதன் முடி நாலைப் பிடுங்கித் தாயத்தில் அடைத்துக் கொடுத்தார், நான் பள்ளிக்கூடம் சேரும்வரை அது அரைஞாண் கயிற்றில் கிடந்தது.

இறக்கிவிட்டபோது கரடியின் முகம் என் முகத்துக்கு நேராக இருந்தது. மூக்குக்கு மேலே ஓர் ஓட்டை, அதற்குள் கயிறு, சுற்றிலும் ஆறாத புண், ஈ மொய்த்தது. கயிற்றைச் சுண்டினால் கரடி பின்னங்காலில் எழும்பும், நாங்கள் கைதட்டுவோம். வலி தாங்காமல்தான் எழும்பியது என்று அன்றைக்கு எங்களில் யாருக்கும் தோன்றவில்லையே!

தாய்க்கரடியைக் கொன்றுவிட்டுக் குட்டியைத் தூக்கி வருவார்கள், காய்ச்சிய ஊசியால் மூக்கைத் துளைப்பார்கள், கோரைப்பல்லைத் தட்டி எடுப்பார்கள். காட்டில் அந்தக் குட்டி மாதக்கணக்கில் தாயின் முதுகைப் பிடித்துக்கொண்டு திரிய வேண்டியது. என்னைச் சுமந்த கரடியும் அப்படி ஒரு முதுகிலிருந்து பறித்து வரப்பட்டதுதான் என்று நினைக்கும்போது இப்போதும் தொண்டை அடைக்கிறது.

1972இலேயே வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தும் இந்தத் தொழில் உடனே நிற்கவில்லை. தலைமுறை தலைமுறையாக இதில் இருந்த கலந்தர் சமூகத்தாருக்கு வேறு பிழைப்பு ஏது? வனவிலங்குகளை மீட்கும் வைல்டுலைஃப் எஸ்ஓஎஸ் அமைப்பு அவர்களுக்கு மாற்றுத் தொழிலுக்கு வழிசெய்து, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பி, கரடிகளை வாங்கிக்கொண்டது. அறுநூறுக்கும் மேற்பட்ட கரடிகள் அப்படி மீண்டன. கடைசியாக 2009 டிசம்பரில் ராஜு என்ற கரடியின் மூக்குக் கயிற்றை அறுத்து, பெங்களூரு பன்னேர்கட்டாவில் இருக்கும் மையத்தில் சேர்த்தார்கள். கரடிக்காரர்களைத் திட்டுகிறவர்களிடம் நான் சொல்வது, அவர்கள் வயிற்றையும் சேர்த்துப் பார்த்ததால்தான் இது நடந்தது.

ஏற்காட்டில் கரடியூர் என்றே ஓர் ஊர் இருக்கிறது, கரடிக்குகையும் இருக்கிறது. போன மாதம் பேரப்பிள்ளைகளோடு போயிருந்தேன். வழியில் ஒருவர் கரடி முடித் தாயத்து வேண்டுமா என்று கேட்டார். கரடி முடியை விற்பதும் குற்றம், வாங்குவதும் குற்றம், தயவுசெய்து வாங்காதீர்கள். அம்மாவின் டிரங்குப் பெட்டியில் என் தாயத்து இன்னும் இருக்கிறது, அன்று இரவு அதைத் திறந்து பார்த்தேன். மூன்று முடிதான் மிச்சம், கருப்பாக, இன்னும் விறைப்பாகவே இருந்தது.