உங்க பாட்டி நேதாஜி படையிலா? டிரங்குப் பெட்டியைத் திறந்து பாருங்க!

வணக்கம் மக்களே! சேலம், ஆத்தூர் பக்கம் இருக்கிறவர்களே, உங்கள் தெருவில் "மலேயாக்காரர் வீடு" என்று ஒரு வீடு இருக்கிறதா? இருந்தால் வீடியோவைத் தள்ளிவிடாதீர்கள். அந்த வீட்டுப் பரணில் துப்பாக்கி பிடித்த ஒரு பெண்ணின் கதை கிடக்கலாம்.

வரலாற்றை வேகமாக முடித்துவிடுகிறேன். கங்காணிகள் (தோட்டத்து மேஸ்திரிகள்) மலேயா, அதாவது இன்றைய மலேசியப் பக்கத்து ரப்பர் தோட்டங்களுக்கு ஆள் திரட்டிய ஊர்களில் நம் பழைய சேலம் மாவட்டமும் உண்டு. 1942-இல் ஜப்பான் மலேயாவைப் பிடித்தது. 1943 ஜூலையில் சிங்கப்பூர் வந்த நேதாஜி, இந்திய தேசிய ராணுவத்தில் (ஐ.என்.ஏ.) பெண்களுக்கென்று ஜான்சி ராணி படையை அறிவித்தார், தலைமை சென்னையில் டாக்டருக்குப் படித்த கேப்டன் லட்சுமி. போதும்.

இப்போது எனக்குப் பிடித்த இடம். சைக்கிள்! 1941-இல் மலேயாவின் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். கூலி உயர்வு கேட்டார்கள், சரி. கூடவே, துரை (தோட்டத்து வெள்ளைக்கார மேலாளர்) எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம் என்றும் கேட்டார்கள்! அதாவது மிதித்துக்கொண்டே துரையைக் கடந்து போவதே அங்கே குற்றம். இரண்டே வருஷம் கழித்து, அப்படிப்பட்ட தோட்டங்களில் ரப்பர் மரத்தில் பால் எடுத்துக்கொண்டிருந்த பெண்கள் காக்கிக் கால்சட்டை போட்டு, ரைபிளைத் தோளில் சாய்த்து, அதே துரைகளின் சாம்ராஜ்யத்தை எதிர்த்து பரேடு போகிறார்கள். ஏற்காட்டுக் காப்பித் தோட்டத்தில் இப்படி ஒரு காட்சியை நினைத்துப் பாருங்கள், எனக்குச் சிரிப்பும் வருகிறது, புல்லரிக்கவும் செய்கிறது.

ஆனால் நமக்குத் தெரிந்த பெயர்கள் யாருடையவை? கேப்டன் லட்சுமி, காதுத் தோட்டைக் கழற்றிக் கொடுத்த ஜானகி தேவர், ராசம்மா பூபாலன். படித்தவர்கள், பேட்டி கொடுத்தார்கள். தோட்டத்துப் பெண்ணிடம் மைக்கை நீட்டியவர்கள் குறைவு. 1945-இல் பர்மாவின் ரங்கூனிலிருந்து மழையிலும் குண்டுவீச்சிலும் பின்வாங்கியதெல்லாம் அந்தப் பெண்கள் வாயோடு போய்விட்டது என்றால் அது நம் சோம்பேறித்தனம்தான், வேறென்ன.

அன்றைக்குப் பதினெட்டு வயது என்றால் இன்றைக்கு நூறைத் தாண்டியிருக்கும். அதனால் மகள், மருமகள், பேரன் பேத்தியிடம் கேளுங்கள். 1972-இல் மத்திய அரசின் தியாகி பென்ஷன் திட்டம் வந்தது, ஐ.என்.ஏ.காரர்களுக்கும் உண்டு. விண்ணப்ப நகல் ஒன்று கிடைத்தாலே பெயர், முகாம், சிறை எல்லாம் பிடித்துவிடலாம். போட்டோ பின்னால் பேனாவில் எழுதாதீர்கள், மை ஊறும், பென்சில் போதும். செல்போனில் பேச்சைப் பதிவு செய்யும்போது டிவியை அணைத்துவிடுங்கள் புண்ணியவான்களே, சீரியல் சத்தத்தில் பாதிக் கதை போய்விடும்.

அப்புறம் ஒன்று, போய் உட்கார்ந்ததும் "போரில் என்ன நடந்தது" என்று ஆரம்பிக்காதீர்கள், பாடப்புத்தகம்தான் திரும்பி வரும். "பாட்டி கால்சட்டை போட்டதுக்கு வீட்ல யாரு திட்டினாங்க?" என்று கேளுங்கள். என்ன பதில் கிடைத்தது என்று கமெண்டில் போடுங்கள், தோட்டத்தின் பெயரையும் சேர்த்து.