99 வெற்றி, 6 தோல்வி, கோப்பை இல்லை

வணக்கம். பின்னால் உட்கார்ந்திருப்பவர்களுக்குக் கேட்கிறதா? சரி, ஆரம்பிக்கலாம்.

33–2. 33–3. 33–1. இந்த மூன்று எண்களை வைத்துத்தான் இன்று பேசப்போகிறேன். அமெரிக்காவில் நெப்ராஸ்கா பல்கலைக்கழகத்தின் பெண்கள் வாலிபால் அணி 2023, 2024, 2025 சீசன்களில் எடுத்த கணக்கு இது. முன்னால் இருப்பது வெற்றி, பின்னால் இருப்பது தோல்வி. மூன்று வருஷமும் 33 வெற்றி, சொல்லிவைத்த மாதிரி. கூட்டினால் 99 வெற்றி, 6 தோல்வி. சரி, இந்த மூன்று வருஷத்தில் எத்தனை தேசியக் கோப்பை வாங்கினார்கள் என்று கேட்டால், ஒன்றுகூட இல்லை.

இதைக் கேட்டதும் எல்லோரும் சொல்வது, "பெரிய ஆட்டம் வந்தால் கை நடுங்கிவிடுகிறது போல." நானும் கொஞ்ச நாள் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தேன். அப்புறம் அந்த ஆறு தோல்விகளையும் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தேன். அடிக்கடி தோற்கிற அணியின் தோல்விகள் ஒன்றோடு ஒன்று கலந்துபோகும், எது எந்த ஊரில் நடந்தது என்றே ஞாபகம் இருக்காது. எப்போதாவது தோற்கிற அணிக்கு அப்படியில்லை, ஒவ்வொரு தோல்விக்கும் தேதி உண்டு, ஊர் உண்டு, ஒரு முகம் உண்டு. அந்த ஆறு முகங்களையும் பார்த்த பிறகு "கை நடுங்கியது" என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் இந்த அணி யார் என்று சுருக்கமாக. நெப்ராஸ்கா விவசாய மாநிலம். அதன் தலைநகரம் லிங்கனில் வாலிபால் என்றால் ஒரு தனிப் பைத்தியம். 2001இல் தொடங்கி இவர்களுடைய சொந்த மைதான ஆட்டங்களுக்கு டிக்கெட் தொடர்ந்து விற்றுத் தீர்ந்துகொண்டே இருக்கிறது. 2023 ஆகஸ்ட் 30 அன்று பல்கலைக்கழகத்தின் கால்பந்து ஸ்டேடியத்தில், அதாவது அமெரிக்கக் கால்பந்து ஸ்டேடியத்தில், திறந்த வெளியில் ஒரு கோர்ட் போட்டு ஆடினார்கள். வந்தவர்கள் 92,003 பேர். எழுத்துப்பிழை இல்லை, தொண்ணூற்றிரண்டாயிரம்தான். கல்லூரிப் பெண்கள் ஆடுகிற ஒரு வாலிபால் மேட்சுக்கு. கோப்பைகளும் இல்லாமல் இல்லை: 1995, 2000, 2006, 2015, 2017 என்று ஐந்து முறை சாம்பியன். அதில் கடைசி நான்கும் ஜான் குக் என்ற பயிற்சியாளர் காலத்தில் வந்தவை.

சீசன் ஆகஸ்ட் கடைசியில் தொடங்கி கிறிஸ்துமஸுக்குச் சற்று முன்னால் முடியும். முதலில் முப்பது ஆட்டம் போல லீக் மாதிரி ஓடும். அதில் தோற்றால் பட்டியலில் ஒன்று கூடும், அவ்வளவுதான். டிசம்பரில் 64 அணிகள் கொண்ட நாக்-அவுட். ஆறு ஆட்டம் தொடர்ந்து ஜெயித்தால் கோப்பை, நடுவில் ஒன்று தோற்றால் பஸ் ஏறி வீட்டுக்குப் போகவேண்டியதுதான்.

முதல் தோல்வி 2023 நவம்பர் 24, விஸ்கான்சின் அணியிடம், அவர்கள் ஊரான மேடிசனில், நேர் செட்டில். ஐந்து செட்டில் மூன்று எடுத்தால் வெற்றி, நேர் செட் என்றால் 3–0. அதுவரை 27 ஆட்டத்தில் தோல்வியே இல்லை. அக்டோபரில் இதே விஸ்கான்சினை லிங்கனில் ஐந்து செட் ஆடி ஜெயித்திருந்தார்கள், அந்த நாளில் இரண்டு அணியுமே தோற்காத அணிகள். நவம்பர் தோல்வியால் நஷ்டம் ஒன்றும் இல்லை, நாக்-அவுட்டுக்கு நாட்டிலேயே முதல் இடம் கொடுத்துத்தான் அனுப்பினார்கள். வலி மட்டும்தான்.

இரண்டாவது தோல்விதான் உண்மையான அடி. 2023 இறுதி ஆட்டம், டாம்பா நகரம், எதிரே டெக்சஸ். 25–22, 25–14, 25–11. இந்த மூன்று எண்ணையும் ஒரு முறை மெதுவாகப் படியுங்கள். முதல் செட் சமமான சண்டை, அப்புறம் சரிவு, அப்புறம் பாதாளம். அந்த வருஷம் தோற்கடிக்கவே முடியாது என்று பேசப்பட்ட அணி எப்படி ஒரு செட்டில் 11 பாயிண்ட்டில் நிற்கும்?

இங்கே கொஞ்சம் நிதானிக்கிறேன், ஏனென்றால் வாலிபாலில் கூட்டம் கவனிக்காத விஷயம் இதுதான். எல்லோரும் பார்ப்பது அடியை, நெட்டுக்கு மேலே எழும்பிப் போடுகிற அந்தப் பெரிய அடியை. ஆனால் ஒரு பாயிண்ட்டின் தலையெழுத்து பெரும்பாலும் அதற்கு மூன்று விநாடி முன்னாலேயே எழுதப்பட்டுவிடுகிறது, சர்வீஸை எடுக்கிற கையில். ஃப்ளோட் சர்வீஸ் என்று ஒன்று இருக்கிறது. பந்தைச் சுழற்றாமல், நடுவில் பளிச்சென்று ஒரு தட்டு. சுழற்சி இல்லாத பந்து காற்றில் நேராக வராது, வழியில் அலையும், கடைசி நொடியில் ஒரு பக்கம் சாயும் அல்லது பொத்தென்று விழும். எடுப்பவர் இரண்டு முழங்கைக்குக் கீழே பலகை மாதிரி கையைச் சேர்த்து வைத்திருப்பார், பந்து அந்தப் பலகையின் நடுவில் படாமல் ஓரத்தில் பட்டால் போதும், செட்டர், அதாவது அடிப்பவருக்குப் பந்தைத் தூக்கிக் கொடுப்பவர், நிற்கிற இடத்துக்குப் போகவேண்டிய பந்து மூன்று மீட்டர் தள்ளிப் போய்விடும். இப்போது செட்டர் ஓடுகிறார். ஓடிப்போய்ப் போடுகிற பந்தை நடு ஆட்டக்காரருக்கு வேகமாகக் கொடுக்க முடியாது, ஓரத்துக்கு உயரமாகத் தூக்கிவிடத்தான் முடியும். அது எதிரணிக்கும் தெரியும். பிளாக்குக்கு, அதாவது நெட்டில் கை தூக்கி அடியைத் தடுக்க, இரண்டு பேர், சில சமயம் மூன்று பேர், முன்கூட்டியே அங்கே போய்க் காத்திருப்பார்கள். பார்க்கிறவர் "அடி சரியில்லை" என்பார். தப்பு நடந்தது அடியில் இல்லை.

டெக்சஸ் அன்று இதைத்தான் விடாமல் செய்தது. சர்வீஸ் பண்ணிப் பண்ணியே நெப்ராஸ்கா சர்வீஸ் எடுப்பதை உடைத்தார்கள். அந்த டெக்சஸ் அணியில் ஏஷியா ஓ'நீல் என்று ஒரு நடு ஆட்டக்காரர், இரண்டு முறை திறந்த இதய அறுவை சிகிச்சை செய்துகொண்டவர், அவர் சர்வீஸுக்கு வந்தபோதெல்லாம் எதிர்ப்பக்கம் குழம்பியது. நெப்ராஸ்காவின் செட்டர் பெர்கன் ரைலிக்கு அது கல்லூரியில் முதல் வருஷம். பாஸ் சரியாக வராத நாளில் செட்டர் என்ன செய்வார், பாவம். அன்று 19,727 பேர் பார்த்தார்கள்.

மூன்றாவது, நான்காவது தோல்விகளை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 2024 செப்டம்பர் 3, டாலஸில் எஸ்.எம்.யு. (சதர்ன் மெதடிஸ்ட் பல்கலைக்கழகம்) அணியிடம் நேர் செட்டில். சீசன் தொடக்கம், நாட்டின் இரண்டாம் இட அணியை வீழ்த்திய மகிழ்ச்சி அவர்களுக்கு, நெப்ராஸ்காவுக்கு ஒரு தட்டு. நவம்பர் 29, பென் ஸ்டேட் அணியிடம் அவர்கள் ஊரில் 3–1. பென் ஸ்டேட் என்ற பெயரை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஏனென்றால் மூன்று வாரம் கழித்து, டிசம்பர் 19, லூயிவில் நகரில் தேசிய அரையிறுதி, எதிரே அதே பென் ஸ்டேட். முதல் இரண்டு செட் நெப்ராஸ்காவுக்கு, 25–23, 25–18. மூன்றாவது 25–23 என்று பென் ஸ்டேட்டுக்கு. நான்காவது செட்டில் நெப்ராஸ்கா 24–22. இன்னும் ஒரே ஒரு பாயிண்ட் எடுத்தால் இறுதி ஆட்டம். கையில் இரண்டு வாய்ப்பு. இரண்டும் போனது, செட் 28–26 என்று கைமாறியது, ஐந்தாவது செட், அது 15 பாயிண்ட்டுக்குத்தான், 15–13, முடிந்தது.

இப்போது ஒரு கூட்டல். அந்த ஐந்து செட்டிலும் நெப்ராஸ்கா எடுத்த மொத்தப் பாயிண்ட் 112. பென் ஸ்டேட் எடுத்தது 109. அதிகப் பாயிண்ட் எடுத்த அணி தோற்றது! வாலிபாலில் இது விதிக்குள் நடப்பதுதான், 25–18 என்று ஜெயித்தாலும் ஒரு செட்தான், 28–26 என்று ஜெயித்தாலும் ஒரு செட்தான். ஆனாலும் 112 எடுத்த அணியைப் பார்த்து "பயந்துவிட்டார்கள்" என்று எப்படிச் சொல்வது? இன்னொன்றும் இருக்கிறது, எதிரே நின்றவர்களை மறந்துவிடக் கூடாது. பென் ஸ்டேட்டின் பயிற்சியாளர் கேட்டி ஷுமாக்கர்-காலி அந்த சீசனில் மார்பகப் புற்றுநோய்க்குச் சிகிச்சை எடுத்துக்கொண்டே அணியை நடத்தியவர். இறுதியில் லூயிவில்லையும் ஜெயித்து, முதல் டிவிஷன், அதாவது கல்லூரி விளையாட்டின் மேல்மட்டப் பிரிவு, பெண்கள் வாலிபாலில் தேசியக் கோப்பை வென்ற முதல் பெண் பயிற்சியாளர் ஆனார். நெப்ராஸ்கா தோற்றது என்று மட்டும் சொன்னால் கதையில் பாதி போய்விடுகிறது.

அந்த இறுதியில், சொந்த ஊரிலேயே, பென் ஸ்டேட்டிடம் தோற்ற லூயிவில் அணியின் பயிற்சியாளர் யார் தெரியுமா? டானி பஸ்பூம் கெல்லி. 2006இல் நெப்ராஸ்கா கோப்பை வென்றபோது லிபரோவாக, அதாவது பின்வரிசையில் பந்தை எடுப்பதற்கென்றே இருப்பவராக, ஆடியவர். ஜனவரி 2025இல் ஜான் குக் ஓய்வு பெற, அவர் இடத்துக்கு இவரையே கூட்டிவந்தார்கள். அதாவது, ஒரே வாரத்தில் ஒரே அணியிடம் தோற்ற இரண்டு தரப்பும் ஒன்று சேர்ந்தன.

2025இல் அவர் கையில் அணி பறந்தது. 33 ஆட்டம், 33 வெற்றி. டிசம்பர் 14, லிங்கன், சொந்த கோர்ட், சொந்தக் கூட்டம், கால் இறுதி என்று வைத்துக்கொள்ளுங்கள். எதிரே டெக்சஸ் ஏ அண்ட் எம். அவர்கள் அதற்கு முந்தைய ஆட்டத்தில் லூயிவில்லிடம் இரண்டு செட் பின்தங்கி, அங்கிருந்து எழுந்து வந்தவர்கள். வந்த வேகத்தில் முதல் இரண்டு செட்டையும் 25–22, 25–22 என்று எடுத்தார்கள். மூன்றாவது நெப்ராஸ்காவுக்கு, 25–20. நான்காவது செட் 37–35. முப்பத்தேழுக்கு முப்பத்தைந்து! 25இல் முடியவேண்டிய செட், இரண்டு பாயிண்ட் வித்தியாசம் வராததால் இழுத்துக்கொண்டே போய், அரங்கமே தொண்டை வறண்டு போகிற அளவுக்கு நீண்டு, கடைசியில் நெப்ராஸ்காவுக்குக் கிடைத்தது. அப்படியொரு செட்டை ஜெயித்த அணி அதற்கப்புறம் தோற்காது என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஐந்தாவது செட் 15–13, டெக்சஸ் ஏ அண்ட் எம்முக்கு. மொத்தப் பாயிண்ட் 120–119. ஒரே ஒரு பாயிண்ட்.

ஏ அண்ட் எம் அதோடு நிற்கவில்லை, அடுத்து பிட்ஸ்பர்க், அப்புறம் கென்டக்கி என்று இரண்டு அணிகளையும் நேர் செட்டில் ஜெயித்து முதல்முறையாகக் கோப்பையைத் தூக்கியது.

இங்கே ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்த்தேன். நாக்-அவுட்டில் முதல் மூன்று ஆட்டம் இவர்களுக்கு எளிது என்று விட்டுவிடுவோம். கடைசி மூன்றில் வருவது நாட்டின் தலைசிறந்த அணிகள். அப்படிப்பட்ட அணியை நான்கு முறைக்கு மூன்று முறை ஜெயிப்பார்கள் என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். மூன்றும் தொடர்ந்து ஜெயிக்க வாய்ப்பு நூற்றுக்கு 42தான். ஆக எந்த வருஷமும் கோப்பை வராமல் போகத்தான் வாய்ப்பு அதிகம், மூன்று வருஷமும் தொடர்ந்து வராமல் போக ஏறக்குறைய ஐந்தில் ஒன்று. என் கணக்கு மோட்டாவானதுதான், ஆனால் சாபம், நடுக்கம் என்றெல்லாம் தேடிப்போகத் தேவையில்லை என்று அது சொல்கிறது. 2023 இறுதியை மட்டும் நான் இதில் சேர்க்கமாட்டேன், 75–47 என்பது அதிர்ஷ்டக் கணக்கு இல்லை, அன்று டெக்சஸ் மேலான அணி.

அப்படியானால் தோற்காமலே கோப்பை வாங்கியவர்கள் இல்லையா என்று கேட்பீர்கள். இருக்கிறார்கள். 2000இல் நெப்ராஸ்காவே 34–0. 2008, 2009 இரண்டு வருஷமும் பென் ஸ்டேட் 38–0, ரஸ் ரோஸ் பயிற்சியில். 2007 செப்டம்பரில் ஸ்டான்ஃபர்டிடம் தோற்றபின் அவர்கள் தொடர்ந்து 109 ஆட்டம் ஜெயித்தார்கள், 2010 செப்டம்பரில் அதை நிறுத்தியதும் ஸ்டான்ஃபர்டுதான். ஆனால் அவர்களும் நூலிழையில் தப்பியவர்கள்தான். 2008 அரையிறுதியில் இரண்டு செட் முன்னால் இருந்து இரண்டையும் கோட்டைவிட்டு, ஐந்தாவதில் 15–11 என்று பிழைத்தார்கள். அந்த சீசன் முழுக்க அவர்கள் இழந்த செட் அந்த இரண்டு மட்டும்தான். எடுத்தது யார்? நெப்ராஸ்கா, தங்கள் மாநிலத்து ஓமஹா நகரில். அடுத்த வருஷ இறுதியில் டெக்சஸிடம் இரண்டு செட் பின்தங்கி, அங்கிருந்து மீண்டு வந்தார்கள். அந்த இரண்டு இரவில் ஏதோ ஒன்றில் நாலு பந்து வேறு பக்கம் விழுந்திருந்தால், பென் ஸ்டேட்டையும் நாம் இன்று வேறு விதமாகப் பேசிக்கொண்டிருப்போம்.

கல்லூரி வாலிபாலில் ஒருவருக்கு நான்கு சீசன். 92,003 பேர் வந்த அந்த 2023இல் முதலாண்டு மாணவிகளாக நுழைந்தவர்கள் ரைலி, ஹார்ப்பர் மர்ரி, ஆண்டி ஜாக்சன். டாம்பாவின் 25–11, லூயிவில்லின் 24–22, லிங்கனின் 37–35, எல்லாம் அவர்கள் காலத்தில் நடந்தவை. அவர்களுடைய நான்காவது ஆண்டு 2026.

நேரமாகிவிட்டது, கேள்வி இருந்தால் கேளுங்கள்.