கப்பல் ஏட்டில் ஒரு பூட்டன்

பெரியோர்களே, நண்பர்களே, வணக்கம்.

1860 நவம்பர் 16 அன்று, சென்னையிலிருந்து கிளம்பிய ‘ட்ரூரோ’ கப்பல் தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. டர்பன் இருக்கும் நேட்டால் பகுதியின் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளைக் கொண்டுபோன முதல் கப்பல் அது. 1911 வரை ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் போனார்கள். அதில் பெரும்பங்கு சென்னை வழியாகப் போனவர்கள். வேலூரில் நின்று இதைப் பேசுகிறேன் என்றால் காரணம் இருக்கிறது; கப்பலில் போனவர்களைப் பதிந்த ஏடுகளில், வேலூர் அடங்கியிருந்த ‘வட ஆற்காடு’ ஜில்லாவின் பெயர் திரும்பத் திரும்ப வரும்.

ஏட்டில் முதலில் ஓர் எண். அப்புறம்தான் பெயர். தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம். கூடவே அங்க அடையாளம்: முழங்காலில் தழும்பு, நெற்றியில் பச்சை. மாட்டுச் சந்தையில் சுழி பார்ப்பதுபோல் பார்த்து எழுதியிருக்கிறார்கள். இன்று டர்பனில் இருக்கும் ஒரு கொள்ளுப்பேத்திக்குப் பூட்டனின் முகம் தெரியாது, அவர் பாடிய பாட்டு தெரியாது. முழங்கால் தழும்பு தெரியும். வீடு மறந்துவிட்டதை, ஆள்பிடித்தவனின் ஏடு ஞாபகம் வைத்திருக்கிறது!

அந்த ஏட்டையும் அப்படியே நம்பிவிட முடியாது. சாதியை மாற்றிச் சொன்னவர்கள் உண்டு. அங்கே போய்ப் பட்டத்தை மாற்றிக்கொண்டவர்களும் உண்டு. ஊரில் செருப்புப் போட்டுத் தெருவில் நடக்க விடப்படாதவர், கடல் தாண்டியதும் தன்னைப் ‘பிள்ளை’ என்று சொல்லிக்கொண்டால் அதைப் பொய் என்று நான் சொல்லமாட்டேன்.

1913இல் தென்னாப்பிரிக்காவின் கேப் நீதிமன்றத்தில் நீதிபதி சேர்ல் ஒரு தீர்ப்புச் சொன்னார். கிறிஸ்தவ முறைப்படி நடக்காத கல்யாணம் செல்லாது. தாலி கட்டிய மனைவி சட்டத்தின் முன் மனைவி இல்லை என்றாகிவிட்டது. பெண்கள் போராட்டத்தில் இறங்கினார்கள். சிறையில் காய்ச்சல் கண்ட வள்ளியம்மை, வெளியே வந்து 1914 பிப்ரவரியில் இறந்தார். பிறந்தது ஜோகன்னஸ்பர்க்கில். தாயின் ஊரான தில்லையாடியை அவர் கண்ணால் பார்த்ததே இல்லை. நாமோ அந்த ஊரை அவர் பெயருக்கு முன்னால் சேர்த்துவிட்டோம், ஜோகன்னஸ்பர்க்கை மறந்துவிட்டோம்.

இப்போதும் அந்த ஏட்டின் நகலோடு இங்கே வருகிறவர்கள் இருக்கிறார்கள். கிராமப் பெயரை எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதியிருப்பார். தாலுகாவும் பிரிந்து பிரிந்து மாறிவிட்டது. ஆவணக் காப்பகம் மட்டும் போதாது. பழைய குக்கிராமப் பெயர், ஏரிப் பெயர் தெரிந்த உங்களைப் போன்றவர்கள் வேண்டும். வந்தவரிடம் எடுத்தவுடன் “நீங்க என்ன ஆளுங்க?” என்று கேட்காதீர்கள். உட்கார வைத்து, அந்தக் கிராமப் பெயரைச் சத்தமாகப் படிக்கச் சொல்லுங்கள். எந்த ஊர் என்று உங்கள் காதுக்குப் பிடிபடலாம்.